ஃபோர்க்லிஃப்ட் பாதையில் ஒரு நாய்

பிள்ளைப்பாக்கம்
24-11-2024

அன்புள்ள அண்ணனுக்கு,

செல்வலட்சுமி எழுதுகிறேன். உடம்புக்கு ஒன்றுமில்லை. ஹாஸ்டல் சாம்பாரைத் தினமும் குடித்தும் உயிரோடுதான் இருக்கிறேன். அம்மாவுக்கு முட்டுவலி தேவலையா? மதினிக்கு இருமல் நின்றதா? புட்டி இன்னும் பாட்டிலைக் கண்டால் ஓடி வருகிறானா, இல்லை பெரிய கிடாவாகிவிட்டோம் என்று மிதப்பாகத் திரிகிறானா?

திடீரென்று கடிதம் எதற்கு என்று யோசிப்பாய். போன வாரம் போனில் நான் அழுதபோது நீ சிரித்தாய். "ஒரு நாய்க்காகவா இந்தக் கூப்பாடு?" என்று கேட்டாய். அதனால்தான் உன் நம்பரை பிளாக் செய்தேன். இந்தக் கடிதத்தைப் படித்துச் சிரித்தால் எனக்குக் கேட்காது, தாராளமாகச் சிரி. நீ போஸ்ட் மாஸ்டர், உன் ஆபீசுக்கும் ஒரு கடிதம் வந்த மாதிரி இருக்கட்டும்.

அன்று நான் சொல்லி முடிப்பதற்குள் சிரித்துவிட்டதால் இப்போது முழுதாகச் சொல்கிறேன். கார்களுக்கு வயர் கட்டுகிற எங்கள் கம்பெனியில் ஓ.டி. என்று ஒரு செவலைப் பெட்டை நாய் இருந்தது. ஓவர்டைம் பார்க்கிற பெண்கள் பஸ் ஏறும்வரை கேட்டிலேயே உட்கார்ந்திருக்கும், அதனால் அந்தப் பெயர். இரண்டு வருடத்துக்கு முன்னால் கருத்தடை ஆபரேஷன் செய்து, ஊசியும் போட்டு, அடையாளத்துக்குக் காதில் ஒரு வெட்டும் போட்டு விட்டிருந்தார்கள். யாரையும் கடித்ததில்லை. செக்யூரிட்டி யாக்கோபு அண்ணன் சாப்பாட்டில் பாதி அதற்குத்தான்.

நவம்பர் ஏழாம் தேதி, வெளிநாட்டு கஸ்டமர் ஆடிட்டுக்கு வருகிறார்கள் என்று பூச்சி மருந்து அடிக்கிற கான்ட்ராக்ட் வண்டியை வரவழைத்தார்கள். ஓ.டி.யைப் பிடித்துக்கொண்டு போய் எங்கேயோ காப்பகத்தில் விட்டதாகச் சொன்னார்கள். எட்டு நாள் கழித்து யாக்கோபு அண்ணன் ஏரிக்கரையில் அது செத்துக் கிடந்ததைப் பார்த்திருக்கிறார். கழுத்தில் கம்பிச் சுருக்கு அப்படியே இருந்ததாம்.

"இஸ்துக்கினு போனானுங்கமா. இன்னாடா இதுன்னு கேட்டேன், ஆபீஸ் ஆர்டர்னானுங்க. அது என்னியே பாத்துக்கினு போச்சு" என்று சொல்லி அந்த மனுஷன் அழுதார். அவரைப் பார்த்துச் சிரிக்க யாருக்கும் தைரியமில்லை.

கேட்டாயா அண்ணா. ஆடிட்டுக்காகச் சுவருக்கு பெயின்ட் அடிப்பது போல ஒரு உயிரைத் துடைத்திருக்கிறார்கள்.

நான் அனுப்பிய ஹாட்பாக்ஸ் டப்பா வந்ததா? கம்பெனியில் கொடுத்த ஏதோ ஒரு பரிசு, பெரிதாக ஒன்றுமில்லை.

உன் தங்கை,
செல்வலட்சுமி

*

மேலப்பனையடி
3-12-2024

தங்கச்சிக்கு,

அண்ணன் கொம்பையா எழுதுவது. வீட்டில் எல்லோரும் இருக்கிறோம். அம்மாவின் முட்டி மழைக்கு முறுக்குகிறது, வெயிலுக்குச் சரியாகிறது. மதினி இருமல் நின்று பேச ஆரம்பித்துவிட்டாள், இருமலே தேவலை. புட்டி நன்றாக இருக்கிறான்.

உன் கடிதத்துக்கு நானே முத்திரை குத்தி, நானே எடுத்து, எனக்கு நானே டெலிவரி செய்தேன். இந்த ஆபீசில் ஆதார் ரசீதும் பேங்க் நோட்டீசும் தவிர வேறு தபால் வந்து எத்தனை நாளாயிற்று.

சிரித்தது தப்புதான். இனி சிரிக்கவில்லை.

டப்பா வந்தது. சோறு சூடு ஆறவில்லை என்று அம்மா தெருவெல்லாம் சொல்லிவிட்டாள். டப்பாவோடு கம்பெனிக்காரன் ஒரு பாராட்டுச் சான்றிதழும் வைத்திருந்தானே, அதை அம்மா சங்கரன்கோவிலில் கொடுத்து ஃப்ரேம் போட்டு அப்பா படத்துக்குப் பக்கத்தில் மாட்டிவிட்டாள். இங்கிலீஷில் இருப்பதால் அம்மாவுக்கு மரியாதை கூடிவிட்டது. வருகிறவன் போகிறவன் எல்லோரும் அதைப் பார்த்துவிட்டுத்தான் தண்ணீர் குடிக்க வேண்டும்.

உன் விஷயத்துக்கு வருகிறேன். தபால் காணாமல் போனது என்று ஒருவர் மனு கொடுத்தால் நான் அழமாட்டேன், மூன்று கேள்வி கேட்பேன். என்றைக்கு? யார் கையில்? யார் சொல்லி? முதல் இரண்டுக்கும் நீ பதில் எழுதிவிட்டாய். மூன்றாவதுக்கு இல்லை. வருடக்கணக்காக அங்கேயே கிடந்த நாய், ஏழாம் தேதி திடீரென்று ஆபீஸ்காரன் கண்ணில் எப்படிப் பட்டது? யார் சொன்னது?

விசாரித்து எழுது. நேரத்துக்குச் சாப்பிடு. ஓவர்டைம் குறை.

அண்ணன்,
கொம்பையா

*

பிள்ளைப்பாக்கம்
15-12-2024

அன்புள்ள அண்ணனுக்கு,

நலம்தான். சளி பிடித்து விட்டது. மதினிக்கு இருமலே தேவலை என்று எழுதினாயே, அதை மதினி படித்தாளா?

யார் சொன்னது என்று கேட்டிருந்தாய். எங்கள் கம்பெனியில் ஆளுக்கு மாதம் ஒரு கார்டு எழுதிப் போட வேண்டும். நியர் மிஸ் கார்டு என்று பெயர். விபத்து நடக்கவில்லை, நடந்திருக்கும், அப்படி எதையாவது பார்த்தால் எழுத வேண்டும். எண்ணெய் சிந்தியிருந்தது, ஏணி ஆடியது, இப்படி. எழுதாவிட்டால் சூப்பர்வைசர் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொள்வார். யாரோ நாயைப் பற்றி ஒரு கார்டு எழுதிப் போட்டிருக்கிறார்கள் போல. அதை விடு. எழுதினவரா கொன்றார்?

யாக்கோபு அண்ணன் மூலமாக சத்யப்பிரியா என்று ஒரு அக்காவைப் பார்த்தேன். ஸ்ரீபெரும்புதூரில் வக்கீல். ஓ.டி.க்குக் கருத்தடை செய்ய ஏற்பாடு செய்ததே அவர்தான். அப்படிச் செய்த நாயை எடுத்த இடத்திலேயே திரும்ப விட வேண்டும், வேறு எங்கும் கொண்டுபோகக் கூடாது என்று விதியே இருக்கிறதாம். கொன்றால் என்ன தண்டனை என்று கேட்டேன். சிரித்தார், ஆனால் உன் சிரிப்பு மாதிரி இல்லை.

1960-ல் மிருகவதைத் தடைச் சட்டம் வந்ததாம். அதற்கு முதலில் மசோதா கொண்டுவந்தவர் நம் சென்னையில் இருந்த ஒரு நாட்டியக் கலைஞராம். சட்டம் வந்தது, அபராதமும் வந்தது. முதல் தடவை குற்றம் செய்தால் பத்து ரூபாயிலிருந்து ஐம்பது ரூபாய். அறுபது வருடம் கழித்தும் அதே ஐம்பதுதான்! எங்கள் கேன்டீனில் ஐம்பது ரூபாய்க்கு ஒரு முட்டை பிரியாணிகூட வராது. வேறு சட்டத்தில் ஐந்து வருடம் ஜெயில்கூட உண்டு, ஆனால் கையெழுத்துப் போட்டுப் புகார் கொடுக்க ஒரு ஆள் வேண்டும் என்கிறார்.

யாக்கோபு அண்ணனால் முடியாது, கல்யாணத்துக்குப் பெண் இருக்கிறது. நான் யோசித்துக்கொண்டிருக்கிறேன். ஏப்ரலில் பெர்மனென்ட் லிஸ்ட் போடுவார்கள், என் பெயர் இருக்கிறது என்று பேச்சு.

அந்தச் சான்றிதழை ஏன் மாட்டினீர்கள்? கழற்றச் சொல். அப்பா படத்துக்குப் பக்கத்தில் அது வேண்டாம்.

செல்வலட்சுமி

*

மேலப்பனையடி
28-12-2024

தங்கச்சிக்கு,

இங்கே சுகத்துக்குக் குறைவில்லை. உன் சளிக்கு மதினி ஓமவள்ளி காயவைத்து இந்தக் கவரிலேயே வைத்திருக்கிறாள். தபால் விதிப்படி தப்பு, நானே கண்டுகொள்ளவில்லை.

சான்றிதழைக் கழற்ற அம்மா விடமாட்டாள்.

உன் வக்கீல் அக்கா சட்டத்தைப் பற்றிச் சொன்னாரே, எங்களுக்கும் ஒரு சட்டம் தெரியும் என்று சொல். கோயிலில் உயிர்ப்பலி கூடாது என்று 1950-லேயே ஒரு சட்டம் போட்டு வைத்திருந்தார்கள். ஐம்பது வருடம் அது தூங்கியது. 2003-ல் திடீரென்று எழுப்பிவிட்டார்கள். உனக்கு அப்போது இரண்டு வயது, எனக்குப் பதினாலு. அந்த ஆவணி, மாடசாமி கோயில் கொடைத் திருவிழாவுக்கு அப்பா கிடாவைக் கையில் பிடித்து நிற்கிறார். போலீஸ் வேன் வந்தது. "எவன்லே வெட்டப் போறது?" என்று கேட்டார்கள். அப்பா, "நாந்தான் ஐயா. சாமிக்குச் சொன்னது" என்றார். கிடாவோடு ஏற்றிக்கொண்டு போனார்கள். ஒரு பகல் முழுக்க உட்கார வைத்து, சாயந்திரம் விட்டார்கள். கிடா மட்டும் திரும்பி வரவில்லை. அது எந்த அடுப்பில் வெந்தது என்று நான் இன்றைக்கும் கேட்கிறேன்.

அன்றைக்கே டவுனில் எந்த பிரியாணிக் கடையாவது மூடினானா? ஆறு மாதம் கழித்து அந்தச் சட்டத்தையே எடுத்துவிட்டார்கள். அப்பாவிடம் மன்னிப்புக் கேட்க ஒருத்தனும் வரவில்லை. மிருகத்தின் மேல் இரக்கம் வந்தால் உங்கள் ஆட்களுக்கு முதலில் அகப்படுகிறவன் கோவணம் கட்டினவன்தான். ஜல்லிக்கட்டிலும் அதேதான். கம்பெனிக்காரன் மேல் கை வைக்கட்டும், பிறகு நான் சல்யூட் அடிக்கிறேன்.

நான் கிடா வெட்டுகிறவன்தான். ஆனால் வெட்டும்போது எதிரே நிற்கிறேன். கான்ட்ராக்ட் வண்டியை அனுப்பிவிட்டு ஏ.சி. ரூமில் இருக்கவில்லை.

கார்டு எழுதினது யார் என்று தெரிந்ததா?

கொம்பையா

(லட்சுமி, உங்க அண்ணன் இதை உனக்கு எழுதமாட்டேன்னு அடம்பிடிக்காரு. உனக்கு பெர்மனென்ட் ஆகட்டும்னு மாடசாமிக்குப் புட்டியை நேர்ந்திருக்கு. லிஸ்ட்ல உன் பேரு வந்தா ஆவணிக் கொடைக்கு வெட்டு. நல்லபடியா வரும், கவலைப்படாதே. – மதினி செல்லக்கனி)

*

பிள்ளைப்பாக்கம்
6-1-2025

அண்ணனுக்கு,

எனக்குச் சளி போய்விட்டது. நீங்கள் எல்லோரும் சுகமாக இருப்பீர்கள் என்று தெரியும், கேட்கவில்லை.

முதல் கடிதத்தில் "புட்டி நன்றாக இருக்கிறான்" என்று எழுதத் தெரிந்ததே. தாய் செத்து, நிற்கக்கூட முடியாமல் கிடந்தவனை, மஞ்சள் காமாலையோடு ஊருக்கு வந்திருந்த நான்தான் பாட்டிலில் பால் கொடுத்துத் தூக்கி நிறுத்தினேன். அவனைக் கேட்டீர்களா? என்னைக் கேட்டீர்களா? என் வேலைக்கு ஒரு கத்தியைக் கட்டித் தொங்கவிட்டிருக்கிறீர்கள். இனிமேல் லிஸ்டில் என் பெயர் வர வேண்டும் என்று நான் எப்படி ஆசைப்படுவேன்?

எதிரே நிற்கிறேன் என்று பெருமையாக எழுதியிருக்கிறாய். நீ எதிரே நின்றால் கிடாவுக்கு என்ன லாபம்?

அப்பா கதையை சத்யப்பிரியா அக்காவிடம் சொன்னேன். அவர் சண்டைக்கு வரவில்லை. "உங்க அண்ணன் சொல்றது நெஜம்தான்" என்றார். லண்டனில் 1822-ல் முதல் சட்டம் வந்தபோதும் குதிரையை அடித்த வண்டிக்காரர்களைத்தான் கோர்ட்டுக்கு இழுத்துப்போய் நிறுத்தினார்களாம். அதே குதிரையில் ஏறி நாய்களை விட்டு நரியைக் கிழிக்கிற பிரபுக்களை யாரும் தொடவில்லையாம். ஏழை கையில் இருக்கும்போதுதான் கொடுமை கண்ணுக்குத் தெரிகிறது என்றார்.

ஆனால் இன்னொன்றும் சொன்னார். 1903-ல் அதே லண்டனில் ஒரு மருத்துவக் கல்லூரி வகுப்பில் ஒரு செவலை நாயை உயிரோடு அறுத்துக் காட்டினார்கள். பார்த்துக்கொண்டிருந்தவர்களில் இரண்டு பெண்கள் நாயின் மயக்கம் சரியாக இல்லை என்று எழுதி வெளியிட்டார்கள். கோர்ட்டில் டாக்டர் ஜெயித்துவிட்டார். உடனே எல்லாம் முடிந்துவிடவில்லை. தொழிலாளிகள் குடியிருக்கிற ஒரு பேட்டையில் அந்த நாய்க்குச் சிலை வைத்தார்கள். மாணவர்கள் சுத்தியலோடு உடைக்க வந்தார்கள். பேட்டைத் தொழிலாளிகளும், ஓட்டுரிமை கேட்டுப் போராடிய பெண்களும் காவல் நின்றார்கள். கடைசியில் 1910-ல், நூற்றுக்கும் மேலே போலீசை நிறுத்தி, சிலையைப் பெயர்த்துக்கொண்டு போனார்கள். ஒரு நாய்ச் சிலைக்கு அத்தனை போலீஸ்!

யார் அவர்கள்? படிக்க வந்த இரண்டு பெண்கள், ஷிப்ட் பார்க்கிற தொழிலாளிகள். கோவணம் கட்டினவனைப் பிடிக்க வேன் ஏறி வந்தவர்கள் இல்லை. எனக்கும் அந்தக் கூட்டத்தில் ஒரு ஓரமாக நிற்கத் தோன்றுகிறது.

புட்டியின் நேர்ச்சையை எடு. எடுத்துவிட்டு எழுது.

செல்வலட்சுமி

*

மேலப்பனையடி
20-1-2025

தங்கச்சிக்கு,

பொங்கல் ஆயிற்று. நீ வரவில்லை என்று அம்மா பாதிக் கரும்புதான் கடித்தாள். மற்றபடி எல்லோரும் நலம்.

சொன்ன நேர்ச்சையை எடுக்க முடியாது. சாமிக்குச் சொல்லிவிட்டு இல்லை என்றால் அம்மா சோறு இறங்காமல் படுத்துவிடுவாள். எதிரே நின்றால் கிடாவுக்கு லாபம் ஒன்றும் இல்லைதான். எனக்குத்தான். செய்தது நான் என்று எனக்குத் தெரியும், அவ்வளவுதான். அதுவும் இல்லாமல் இருக்கிற ஆட்களைப் பார்த்தால் பயமாக இருக்கிறது.

வீட்டுக்கு வெள்ளையடித்தோம். கழற்றின படங்களில் உன் சான்றிதழை மட்டும் இன்னும் மாட்டவில்லை. அம்மா கேட்டுக்கொண்டே இருக்கிறாள்.

மூன்றாவது தடவையாகக் கேட்கிறேன். அந்தக் கார்டு யார் எழுதியது?

கொம்பையா

*

மேலப்பனையடி
22-2-2025

தங்கச்சிக்கு,

ஒரு மாதம் ஆகிறது. உன்னிடமிருந்து கடிதம் இல்லை. போனும் பிளாக்கிலேயே இருக்கிறது. மதினி நம்பரில் கூப்பிட்டால் "நல்லாருக்கேன்" என்று சொல்லி வைத்துவிடுகிறாயாம். தினமும் காலையில் தபால் பையை அவிழ்க்கும்போது முதலில் உன் கையெழுத்தைத் தேடுகிறேன். போஸ்ட் மாஸ்டர் செய்யக் கூடாத காரியம்.

இனி அந்தக் கேள்வியைக் கேட்க மாட்டேன். சொன்னால் சொல், சொல்லாவிட்டால் போ. சாப்பிடுகிறாயா என்று மட்டும் எழுது.

அம்மா முட்டியைத் தடவிக்கொண்டே உன் பெயரைச் சொல்கிறாள். மற்ற எல்லோரும் சுகம்.

கொம்பையா

*

பிள்ளைப்பாக்கம்
9-3-2025

அண்ணா,

சாப்பிடுகிறேன். தூக்கம்தான் சரியில்லை. அம்மாவுக்கு முட்டிக்கு விளக்கெண்ணெய் சூடு பண்ணித் தடவச் சொல்.

கார்டை எழுதியது நான்.

அக்டோபர் கடைசி. அந்த மாதக் கார்டு எனக்கு பாக்கி இருந்தது. ஸ்டோருக்குச் சரக்கு தூக்கும் ஃபோர்க்லிஃப்ட் இரண்டாம் கேட்டில் கண்மண் தெரியாமல் திரும்பும். ஓ.டி. அங்கேதான் நிழலுக்குப் படுக்கும். இரண்டு தடவை மயிரிழையில் தப்பியது. அதைக் காப்பாற்றத்தான் எழுதினேன். கார்டில் "ஆபத்து என்ன?" என்று ஒரு கட்டம் இருக்கும். "ஃபோர்க்லிஃப்ட் பாதையில் நாய் படுத்திருக்கிறது" என்று எழுதினேன். "உங்கள் யோசனை" என்ற கட்டத்தில் வேகத்தைக் குறைக்க வேண்டும், ஸ்பீடு பிரேக்கர் போட வேண்டும் என்று எழுதினேன். அவர்கள் முதல் கட்டத்தை மட்டும் படித்தார்கள். வண்டியை ஆபத்து என்று எழுதியிருக்க வேண்டும். நான் நாயை ஆபத்து என்று எழுதிக் கொடுத்துவிட்டேன்.

அதற்குத்தான் பரிசு. பன்னிரண்டாம் தேதி மீட்டிங்கில் எல்லோரும் கை தட்டினார்கள். அதைக் காப்பகத்தில் விட்டார்கள் என்று நம்பி நானும் சிரித்துக்கொண்டு வாங்கினேன். டப்பாவை மறுநாளே உங்களுக்கு அனுப்பினேன். இரண்டு நாளில் ஏரிக்கரைச் செய்தி வந்தது. பக்கத்து டேபிள் கங்கா என் முகத்துக்கு நேராகக் கேட்டாள், "இன்னாடி, நீயே எய்திக் குட்த்துட்டு நீயே அய்துகினு கீற?" ஊரையெல்லாம் திட்டி உனக்கு எழுதிக்கொண்டிருந்தேனே, ஒவ்வொரு வரியிலும் என்னைத்தான் திட்டினேன்.

இப்போது கேள். சத்யப்பிரியா அக்கா கம்பெனிக்கு நோட்டீஸ் அனுப்பினார். எழுத்தில் பதில் வந்திருக்கிறது. "எங்கள் வளாகத்துக்குள் நாய் எதுவும் ஒருபோதும் இருந்ததில்லை. எந்த வண்டியையும் வரவழைக்கவில்லை." ஒருபோதும்! நான்கு வருடம் கேட்டில் காவல் இருந்த உயிர், ஒருபோதும் இருந்ததில்லையாம். கொன்றதைக்கூடப் பொறுத்தேன் அண்ணா, இதைப் பொறுக்க முடியவில்லை. கேமரா பதிவு ஒரு மாதத்தில் அழிந்துவிடுமாம். கார்டுகள் அவர்கள் ஃபைலில். நாய்க்குச் சோறு போட்டதற்காக யாக்கோபு அண்ணனை வேலையை விட்டு நிறுத்திவிட்டார்கள்.

எச்.ஆர். மேடம் என்னைக் கூப்பிட்டார். "செல்வலட்சுமி, லிஸ்ட்ல உங்க பேர் கன்ஃபர்ம். வெளியில யாரோடயும் பேசாதீங்க. ஒரு ஸ்ட்ரே டாகுக்காக ஃபியூச்சரை ஸ்பாயில் பண்ணிக்காதீங்க" என்றார். தலையாட்டிவிட்டு வந்தேன். தலையாட்டினதை நினைத்து அன்றைக்குச் சாப்பிடவில்லை.

அந்த நாய் இருந்தது, அதைப் பிடிக்க வண்டி வந்தது என்று கம்பெனியே கையெழுத்துப் போட்ட காகிதம் உலகத்தில் ஒன்றுதான் இருக்கிறது. அது நம் வீட்டுச் சுவரில் இருந்தது. அதில் என் பெயர் பெரிதாக இருக்கும். அதைக் கொடுத்தால் காட்டிக்கொடுத்தவள் யார் என்பதும் அதிலேயே இருக்கும். இரண்டுக்கும் சேர்த்துத்தான் கேட்கிறேன். ஃப்ரேமிலிருந்து எடுத்து அனுப்பு.

அம்மாவிடம் என்ன சொல்வாயோ.

உன் தங்கை,
செல்வலட்சுமி

*

மேலப்பனையடி
14-3-2025

தங்கச்சிக்கு,

இங்கே சுகம். அம்மாவுக்கு எண்ணெய் தடவியாயிற்று.

நான் போனில் சிரித்தது நவம்பர் பதினேழாம் தேதி. டப்பா வந்தது இருபதாம் தேதி. சான்றிதழைப் படித்தேன். "அக்டோபர் மாதத்தின் சிறந்த நியர் மிஸ். கண்டறிந்தவர்: செல்வலட்சுமி. ஆபத்து: இரண்டாம் கேட், ஃபோர்க்லிஃப்ட் பாதையில் நாய். நடவடிக்கை: 07-11 அன்று கான்ட்ராக்டர் மூலம் அகற்றப்பட்டது." கீழே பிளான்ட் ஹெட் கையெழுத்து, சீல். இருபதாம் தேதிக்குப் பிறகு நான் சிரிக்கவில்லை.

உனக்குத் தெரியட்டும் என்று எழுதுகிறேன். முதல் கடிதத்திலிருந்து எனக்குத் தெரியும். நான் சொன்னால் அது என் வாயிலிருந்து வந்த குற்றச்சாட்டாகிவிடும். நீயே சொல்ல வேண்டும் என்றுதான் திரும்பத் திரும்பக் கேட்டேன். கேட்டது அதிகமோ என்று போன மாதம்தான் உறைத்தது. மன்னித்துக்கொள்.

அம்மாவுக்கு இங்கிலீஷ் தெரியாததால் அவள் பாட்டுக்கு எல்லோருக்கும் காட்டிக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு தடவையும் நான் எழுந்து கொல்லைப்புறம் போய்விடுவேன். பொங்கல் வெள்ளையடிப்பைச் சாக்காக வைத்துக் கழற்றி, ஆபீஸ் இரும்புப் பெட்டியில் பூட்டி வைத்திருந்தேன். என்றைக்காவது நீ கேட்பாய் என்று.

அதை இத்துடன் பதிவுத் தபாலில், ஒப்புகை அட்டையோடு அனுப்பியிருக்கிறேன். மடிக்கவில்லை, இரண்டு அட்டைக்கு நடுவே வைத்திருக்கிறேன். யாரிடம் கொடுத்தாலும் கையெழுத்து வாங்கிக்கொண்டு கொடு. ஒரிஜினலை மட்டும் கோர்ட்டைத் தவிர எவனிடமும் கொடுக்காதே.

கொடுக்க வேண்டுமா, வேண்டாமா என்று நான் சொல்ல மாட்டேன். வேலை உன்னுடையது.

கொம்பையா

*

வல்லக்கோட்டை
27-4-2025

அன்புள்ள அண்ணனுக்கு,

முகவரி மாறியிருப்பதைப் பார்த்திருப்பாய். பயப்படாதே, நன்றாக இருக்கிறேன். உங்கள் எல்லோருக்கும் வெயில் எப்படி இருக்கிறது?

சான்றிதழ் பத்திரமாக வந்தது. ஸ்டேஷனுக்கு மூன்று தடவை போனோம். முதல் தடவை "நாய் கேசா?" என்று பக்கத்து மேஜைக்காரரைப் பார்த்துச் சிரித்தார்கள். எனக்கு அந்தச் சிரிப்பு ஏற்கெனவே பழக்கம் என்பதால் பதில் சொல்ல வசதியாக இருந்தது. மூன்றாவது தடவை சத்யப்பிரியா அக்கா கம்பெனியின் பதிலையும் சான்றிதழையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். ஒன்றில் "ஒருபோதும் இருந்ததில்லை". இன்னொன்றில் "அகற்றப்பட்டது". இரண்டிலும் ஒரே கையெழுத்து. இன்ஸ்பெக்டர் இரண்டையும் ரொம்ப நேரம் பார்த்தார். பிறகு, "இதுல இருக்கிற செல்வலட்சுமி யாரு?" என்று கேட்டார். "நான்தான் சார். நான்தான் எழுதிக் கொடுத்தேன். என்னையும் எழுதிக்கொள்ளுங்கள்" என்றேன்.

யாக்கோபு அண்ணனும் சாட்சிக் கையெழுத்துப் போட்டார். "இனிமே எங்கிட்டேர்ந்து இன்னாத்த எட்துக்கப் போறானுங்க? குடும்மா பேனாவ" என்றார்.

ஏப்ரல் பதினொன்றாம் தேதி வழக்குப் பதிவானது. இருபத்தொன்றாம் தேதி எனக்குப் பயிற்சிக் காலம் முடிந்தது என்று காகிதம் கொடுத்து, ஹாஸ்டலையும் காலி செய்யச் சொன்னார்கள். நேற்று முன்தினம் லிஸ்ட் போட்டார்களாம். என் பெயர் இல்லை. கங்காவின் பெயர் இருக்கிறது, அவள்தான் தன் சித்தி வீட்டில் எனக்கு அறை பிடித்துக் கொடுத்தாள். பத்து நாளில் வேறு கம்பெனியில் இன்டர்வியூ இருக்கிறது.

இரண்டாம் கேட்டில் ஸ்பீடு பிரேக்கர் போட்டுவிட்டார்களாம். இப்போது!

எஃப்.ஐ.ஆர். நகல் ஒன்று இந்தக் கவரில் வைத்திருக்கிறேன். அம்மாவுக்கு எது சொல்லலாம் என்று நீ பார்த்துச் சொல். ஊருக்கு வந்துவிடட்டுமா?

செல்வலட்சுமி

*

மேலப்பனையடி
6-5-2025

தங்கச்சிக்கு,

அண்ணன் எழுதுவது. எல்லோரும் சுகம், மாடசாமி புண்ணியத்தில் அல்ல, மதினி வைத்த ரசத்தின் புண்ணியத்தில்.

ஊருக்கு வராதே. வந்தால் அவர்களுக்கு வசதியாகிவிடும். கேஸ் வாய்தாவுக்கு நீ அங்கே இருக்க வேண்டும். கம்பெனிக்காரன் மேல் கை வைத்தால் சல்யூட் அடிக்கிறேன் என்று எழுதியிருந்தேன். தபால் பையை முதுகில் வைத்துக்கொண்டு இன்றைக்கு வாசலில் நின்று ஒன்று அடித்தேன். மதினி பார்த்துவிட்டு, வெயில் தலைக்கு ஏறிவிட்டதென்று மோர் கரைத்தாள்.

புட்டி விஷயம். பெர்மனென்ட் ஆனால்தான் நேர்ச்சை. ஆகவில்லை. மாடசாமி வேலையும் கொடுக்கவில்லை, கிடாவும் கேட்க முடியாது, கணக்குத் தீர்ந்தது. கேஸ் ஜெயித்தால் வெட்டுகிறேன் என்று மதினி ஆரம்பித்தாள். வாயைப் பொத்தினேன். நான் மாறிவிட்டேன் என்று உன் வக்கீல் அக்காவிடம் சொல்லிவிடாதே. ஆவணிக்கு வேறு கிடா வெட்டத்தான் செய்வேன், அதன் எதிரே நிற்கத்தான் செய்வேன். ஆனால் நீ கேட்ட கேள்வி இப்போது அங்கேயும் கூட வந்து நிற்கும். அது உன்னால் வந்த தொல்லை.

எஃப்.ஐ.ஆர். நகலை அம்மாவிடம் மறைக்கவில்லை. தமிழில்தானே இருக்கிறது, முழுக்கப் படித்துக் காட்டினேன். நாய் பெயர், நாள், கம்பிச் சுருக்கு, உன் கார்டு, எல்லாம். முடித்ததும் எழுந்து போய்விட்டாள். அந்த டப்பாவில் இருந்த சோற்றை வேறு பாத்திரத்துக்கு மாற்றிவிட்டு, டப்பாவைக் கழுவித் திண்டில் கவிழ்த்து வைத்தாள்.

சாயந்திரம் நான் ஆபீஸ் பூட்டிவிட்டு வரும்போது, அந்தப் பழைய ஃப்ரேமுக்குள் எஃப்.ஐ.ஆரைப் போட்டு, அப்பா படத்துக்குப் பக்கத்தில் அதே ஆணியில் மாட்டியிருந்தாள். காகிதம் நீளம் கூட என்பதால் கீழே மடித்திருந்தாள். "புகார்தாரர்: செல்வலட்சுமி" என்ற வரி மேலே தெரிந்தது.

"அம்மா, இது பரிசு இல்லம்மா" என்றேன்.

"தெரியும்லே. இங்கிலீசுல இருந்தத என்னன்னு தெரியாமத்தான மாட்டுனேன்" என்றாள். "இத நான் கேட்டுட்டு மாட்டிருக்கேன்."

உடம்பைப் பார்த்துக்கொள். என் நம்பரைத் திற.

அண்ணன்,
கொம்பையா